மனசைப் படிக்கிற வித்தை காட்டின அமெரிக்கர் கிரெஸ்கினோட ஷோவை நேர்ல பாத்தவங்க இருக்கீங்களா?

இருந்தா எழுதுங்க, முதல்ல என்னோடத சொல்றேன். நியூ ஜெர்சி வந்த புதுசுல ஆபீஸ்ல ஒருத்தர் டிக்கெட் மிச்சம் இருக்குனு கூட்டிட்டுப் போனார், சின்ன தியேட்டர், கிரெஸ்கின்னா யாருன்னே எனக்குத் தெரியாது. சோடாபுட்டி கண்ணாடி போட்ட ஒரு பெரியவர் மேடைக்கு ஓடி வந்து கைக்குக் கிடைச்சவங்க கையை எல்லாம் அடிபம்பு அடிக்கிற மாதிரி குலுக்கினார். கடைசில சம்பள செக் ஐட்டம். அன்னைக்கு ஷோவுக்கு அவருக்கு வர்ற செக்கை ஆடியன்ஸ்ல நாலஞ்சு பேர்கிட்ட குடுத்துட்டு காவலோட வெளிய போயிடுவார், நாம எங்க வேணா ஒளிச்சு வைக்கலாம், கண்டுபிடிக்கலேன்னா அந்தப் பணம் அவருக்கு இல்ல. அந்த நாலஞ்சு பேர்ல நானும் ஒருத்தன். ஒரு அம்மா மடில மடிச்சு வச்சிருந்த கோட்டு லைனிங்குக்குள்ள சொருகினோம்.

திரும்பி வந்தவர் கைக்குட்டையோட ஒரு முனைய என்கிட்ட குடுத்து, பேசாதீங்க, இடத்தை மட்டும் நினைச்சுக்கிட்டே இருங்கன்னார். நான் மூஞ்சில எதையும் காட்டல, கையவும் ஆட்டலன்னுதான் நினைச்சேன். தப்பான வரிசைக்குள்ள ரெண்டடி வச்சார், நின்னார், திரும்பினார், அவ்ளோதான், நேரா அந்த அம்மா முன்னாடி போய் நின்னுட்டார். தப்பா போகும்போதெல்லாம் அந்தத் துணி என் விரல்ல லேசா இறுகினது எனக்கே வீட்டுக்கு வந்தப்புறம்தான் உறைச்சுது.

அப்புறம் தேடிப் படிச்சேன். 1935ல நியூ ஜெர்சி மான்ட்கிளேர்ல பொறந்தவர், நாம முத்து காமிக்ஸ்ல படிச்ச அதே மந்திரவாதி மாண்ட்ரேக்தான் அவரையும் சின்ன வயசுல பிடிச்சு ஆட்டியிருக்கு. ஸ்கூல்ல பொருளை ஒளிச்சு வச்சுத் தேடுற விளையாட்டு ஆடிட்டு, வீட்டுக்கு வந்து தம்பிய ஒரு காசை ஒளிக்கச் சொல்லி ஒரு வார்த்தை பேசாம தேடிப் பாத்திருக்கார். அந்தக் காசுதான் பின்னாடி செக் ஆச்சு. அமெரிக்க டிவில பிரபலமா இருந்த ஜானி கார்சன் பேட்டி ஷோல மட்டும் 60 தடவைக்கு மேல வந்திருக்கார். 2024 டிசம்பர்ல 89 வயசுல போயிட்டார்னு படிச்சப்போ சொந்தக்காரங்க போன மாதிரி இருந்துச்சு.

*

அண்ணா, நாங்க கனடால ஒட்டாவா. அவரோட டிவி ஷோவை 1970லேர்ந்து 75 வரைக்கும் இந்த ஊர்லதான் எடுத்தாங்க, அதனால இங்க பெரியவங்க பல பேருக்கு அவரைத் தெரியும். நேர்ல பாக்குற குடுப்பினை எனக்கு இல்ல, ஆனா நீங்க சொன்ன விரல் இறுகுற விஷயத்தை வீட்ல செஞ்சு பாத்திருக்கேன். மசில் ரீடிங்னு சொல்வாங்க. மனசுல ஒரு திசைய நினைச்சா தசை தானா துளி அசையும், அதுக்கு ஐடியோமோட்டார்னு 1852லயே கார்பென்டர்ங்கற டாக்டர் பேர் வச்சுட்டார். பொண்ணு காசை ஒளிச்சா, நான் அவ மணிக்கட்டைப் பிடிச்சுக்கிட்டுத் தேடினேன். முதல் மூணு தடவையும் தோத்தேன், ஏன்னா நான் அவளை இழுத்துட்டுப் போனேன். இழுக்கக் கூடாது, லேசா ஒரு பக்கம் சாஞ்சு பாக்கணும், தப்புன்னா கை கனக்கும், சரின்னா கூடவே வரும். நாலாவது தடவை புக் ஷெல்ஃபுக்குப் பின்னாடி இருந்ததை எடுத்துட்டேன், அவ கத்தின கத்து இன்னும் காதுல இருக்கு.

*

எனக்கு அவர் மேல ஒரு மனவருத்தம் இருக்கு, சொல்லிடறேன். 2002 ஜூன்ல லாஸ் வேகாஸ் பக்கம் பறக்கும் தட்டு தெரியும்னு சொல்லி நூத்துக்கணக்கான பேரைப் பாலைவனத்துல ராத்திரி காக்க வச்சார். ஒண்ணும் வரல. ஜனங்க எவ்ளோ சுலபமா நம்புவாங்கன்னு காட்டத்தான் செஞ்சேன்னு அப்புறம் விளக்கம். நம்பி வந்தவங்களை அப்படி செஞ்சிருக்க வேண்டாம்.

*

நீங்க சொல்றது நியாயம்தாங்க, அதை நானும் ஏத்துக்கல. ஆனா நான் பாத்த அன்னைக்கு தனக்கு அமானுஷ்ய சக்தி எதுவும் இல்ல, ஜோசியக்காரனும் இல்லைன்னு அவரே மேடைல சொன்னார், அதுக்கப்புறம்தான் ஷோவே ஆரம்பிச்சுது. செக் கிடைச்சதும் அவர் முதல்ல என் கையைத்தான் பிடிச்சு குலுக்கினார், ரொம்ப நேரம், நல்லா நினைச்சீங்கன்னு சொல்லிக்கிட்டே.