ஸ்ட்ரூமா கப்பல் பற்றி உதவி வேண்டும்

வணக்கம் நண்பர்களே. 1941 டிசம்பரில் ருமேனியாவின் கான்ஸ்டன்சா துறைமுகத்திலிருந்து 750க்கும் மேற்பட்ட யூத அகதிகளோடு பாலஸ்தீனத்துக்குக் கிளம்பிய ஸ்ட்ரூமா கப்பலைப் பற்றிப் பள்ளிப் பிள்ளைகளுக்காக எழுதிக்கொண்டிருக்கிறேன். எஞ்சின் பழுதாகி இஸ்தான்புல்லில் இரண்டு மாதத்துக்கும் மேல் நின்றது, அப்போது பாலஸ்தீனத்தை ஆண்டுவந்த பிரிட்டன் அவர்களை அங்கே விட மறுத்தது, துருக்கியோ ஒருசிலரைத் தவிர யாரையும் கரையிறங்க விடவில்லை, கடைசியில் ஓடாத கப்பலைக் கருங்கடலுக்குள் இழுத்துக்கொண்டு போய் விட்டுவிட்டார்கள். மறுநாள், 1942 பிப்ரவரி 24 அன்று, சோவியத் நீர்மூழ்கியின் டார்பிடோ தாக்கியது. பிழைத்தது டேவிட் ஸ்டோலியார் ஒருவர்தான்.

டார்பிடோவைவிட, கரை கண்ணில் தெரிந்தும் இறங்க முடியாத அந்த இரண்டு மாதம்தான் என் மனதை அறுக்கிறது. துருக்கி மொழி படிக்கத் தெரிந்தவர்கள் இருக்கிறீர்களா? அப்போதைய இஸ்தான்புல் செய்தித்தாள்களைத் தேட உதவுங்கள். அப்புறம், பிரிட்டன் நாடாளுமன்றத்தில் இதைப் பற்றி நடந்த விவாதக் குறிப்புகள் கிடைத்தாலும் அனுப்புங்கள்.