மைக்கேல் பல்லாக்: ராசி இல்லாதவரா, ஆளே அவ்வளவுதானா?

கோல்கம்பம்:
ஜெர்மனியோட நடுக்கள ஆட்டக்காரர் பல்லாக் பேரை எடுத்தாலே எல்லாரும் "பாவம் மனுஷன்"னு ஆரம்பிச்சுடறீங்க. எனக்கு அந்தப் பாவம் வரவே மாட்டேங்குது. 2002-ல் லெவர்குசன் கிளப்புக்கு ஆடி ஜெர்மன் லீக்கான பண்டஸ்லிகா, ஜெர்மன் கோப்பை, ஐரோப்பிய கிளப்புகளோட சாம்பியன்ஸ் லீக், அப்புறம் ஜெர்மனியோட உலகக் கோப்பை. நாலுலயும் ரெண்டாமிடம். சரி, ஒரு தடவை விதின்னு விடலாம். 2008-ல் இங்கிலாந்தில் செல்சி கிளப்புக்கு ஆடி பிரீமியர் லீக், லீக் கோப்பை, சாம்பியன்ஸ் லீக், அப்புறம் ஜெர்மனியோட யூரோ கோப்பை. மறுபடியும் நாலுலயும் ரெண்டாமிடம்! வேற நாடு, வேற கிளப், வேற கோச். மாறாம இருந்தது அந்த 13-ஆம் நம்பர் சட்டை மட்டும்தான்.

நீலச்சட்டை:
அண்ணே, மாஸ்கோவில் நடந்த அந்த சாம்பியன்ஸ் லீக் இறுதியில் பெனால்ட்டி அடிக்கப் போய் வழுக்கி விழுந்தது செல்சி கேப்டன் டெர்ரி. பல்லாக் தன்னோடதைப் போட்டுட்டார். அந்த வருஷ லீக்கில் மான்செஸ்டர் யுனைடெட்டை 2-1 ஜெயிச்ச ஆட்டத்தில் ரெண்டு கோலும் அவரோடது. மைதானத்து ஈரத்துக்கெல்லாம் அவர் பேரில் பில் போட்டா எப்படி?

ஆஃப்சைடு அண்ணாச்சி:
தம்பி கோல்கம்பம், நீ மே மாசத்துல இருந்து கணக்கை ஆரம்பிக்கிற. நான் அதுக்கு முந்தின நவம்பர்ல இருந்து ஆரம்பிக்கிறேன். 2001 செப்டம்பரில் மியூனிக்கிலேயே இங்கிலாந்து வந்து ஜெர்மனியை 5-1 சாத்திட்டுப் போச்சு. உலகக் கோப்பைக்குப் போகவே உக்ரைனோட பிளே-ஆஃப் ஆடற நிலைமை. கீவில் 1-1, ஜெர்மனியோட கோல் பல்லாக். டார்ட்மண்டில் 4-1, அதில் ரெண்டு பல்லாக். ரெண்டு ஆட்டத்திலயும் சேர்த்து ஜெர்மனி அடிச்ச அஞ்சில் மூணு அவரோடது. உலகக் கோப்பைக்குப் போனப்புறம் கால் இறுதி அமெரிக்காவோட 1-0, தலையால் முட்டினது அவர். அரை இறுதி கொரியாவோட 1-0, அடிச்சதும் அவர். இந்த ஆளை எடுத்துட்டா யோகஹாமாவில் இறுதி ஆட்டத்தில் தோக்கறதுக்கே ஜெர்மனி போயிருக்காது.

கோல்கம்பம்:
அமெரிக்கா ஆட்டத்தில் கோல் கோட்டுகிட்ட ஃப்ரிங்ஸ் கையில் பட்ட பந்தை நடுவர் விட்டதையும் சேர்த்துச் சொல்லுங்க அண்ணாச்சி. ராசி இல்லாதவருக்கு அது யார் ராசி?

ஆஃப்சைடு அண்ணாச்சி:
அது சரிதான், அதை நான் மறுக்கல. ஆனா கொரியா ஆட்டத்தை விடமாட்டேன். நம்ம ஊர் நேரத்துக்கு அது சாயங்காலம் அஞ்சு மணி ஆட்டம், ஆபீசுக்கு மட்டம் போட்டுட்டு பார்த்தேன். 71-ஆவது நிமிஷம், இன்னும் 0-0. லீ சுன்-சூ பந்தோட பெனால்ட்டி பாக்ஸை நோக்கிப் பாயறான். பல்லாக் கணக்கில் ஏற்கெனவே முந்தின ஆட்டத்தில் வாங்கின ஒரு மஞ்சள் அட்டை. இன்னொண்ணு வாங்கினா இறுதி ஆட்டம் போச்சுன்னு அவருக்குத் தெரியும். காலை விட்டு அவனைத் தடுத்தார், அட்டை வாங்கினார். நாலே நிமிஷத்தில் கோல்! முதல் ஷாட்டை கோல்கீப்பர் தட்டிவிட, திரும்பி வந்ததை இடது காலால் உள்ளே தள்ளினார். தனக்கு இல்லாத இறுதிக்கு டீமை அனுப்பி வச்ச மனுஷன்யா.

மூலைக்கொடி:
இந்தத் தியாகக் கதையில்தான் எனக்கு எரிச்சல். அந்த இடத்தில் எந்த நடுக்கள ஆளும் காலை விடத்தான் செய்வான், யோசிக்க நேரமே இருக்காது. பாராட்டணும்னா அட்டைக்கப்புறம் கால் நடுங்காம ஆடினாரே, அதைப் பாராட்டுங்க. ஒரு சின்னத் தகவலும்: 2010 உலகக் கோப்பையில இருந்து கால் இறுதி முடிஞ்சதும் ஒத்தை மஞ்சள் அட்டைகளை அழிச்சுடறாங்க. 2002-ல் இந்த விதி இருந்திருந்தா இறுதி ஆட்டத்தில் ஜெரமிஸ் இடத்தில் பல்லாக் நின்னிருப்பார். பிரேசிலுக்குக் கோல் அடிச்ச ரொனால்டோவை நிறுத்தியிருப்பாரான்னு கேட்டா, நம்ம கோல்கீப்பர் கான் கையில் இருந்து நழுவின பந்துக்கு நடுக்கள ஆள் என்ன செய்ய முடியும்?

கோல்கம்பம்:
சரி, 2002-ஐ விடறேன். அடுத்து அவர் ஆடின பயர்ன் மியூனிக் கிளப்புக்கு வாங்க. 2002-ல இருந்து 2006 வரைக்கும் நாலு சீசன், மூணு தடவை லீக்கும் கோப்பையும் சேர்த்து ஜெயிச்சார். ஜெர்மனியில் பயர்ன் ஜெயிக்கிறது ஆடி மாசம் காத்தடிக்கிற மாதிரி. சாம்பியன்ஸ் லீக்கில் என்ன ஆச்சு? முதல் வருஷம் குரூப்பிலேயே வெளியே. அப்புறம் மாட்ரிட், செல்சி, மிலான்னு வருஷத்துக்கு ஒருத்தர்கிட்ட அடி. கால் இறுதியைத் தாண்டினதே இல்லை. பெக்கன்பவரைக் "கைசர்"னு சொல்ற மாதிரி இவருக்குக் "குட்டி கைசர்"னு பட்டம் வேற! சொந்த மண்ணில் 2006 உலகக் கோப்பை, இவர்தான் கேப்டன். எத்தனை கோல்? சைபர்.

மூலைக்கொடி:
அந்த சைபர்தான் அவர் ஆடினதிலேயே பெரிய கணக்கு, அண்ணே. முதல் ஆட்டம் கோஸ்டா ரிகாவோட, காயத்தால் அவர் இல்லை. ஜெர்மனி 4-2 ஜெயிச்சாலும் பின்பக்கம் கதவைத் திறந்து போட்ட வீடு மாதிரி கிடந்துச்சு. கோச் கிளின்ஸ்மனுக்கு எல்லாரும் முன்னால ஓடணும். பல்லாக், யாராவது பின்னால நிக்கணும்னு வாதாடி, ஃப்ரிங்ஸ் பக்கத்தில் தானே இறங்கி நின்னார். அடுத்த மூணு ஆட்டம் போலந்து, ஈக்வடார், ஸ்வீடன். ஒரு கோல் கூட விழல. கோல் அடிச்சுப் பேர் வாங்கின ஆள் கோல் அடிக்கிற இடத்தை விட்டுக்கொடுத்திருக்கார், அதை சைபர்னு எழுதறீங்க.

நீலச்சட்டை:
ஜெர்மனிக்கு 98 ஆட்டம், 42 கோல். நடுக்கள ஆளுக்கு! ஜிடான் 108-ல் 31, லாம்பார்ட் 106-ல் 29, ஜெரார்ட் 114-ல் 21. மத்தேயஸ் 150 ஆடி 23.

கோல்கம்பம்:
பெனால்ட்டியைக் கழிச்சுட்டு வாங்க தம்பி.

நீலச்சட்டை:
லாம்பார்டும் பெனால்ட்டி அடிச்சவர்தான், கழிக்கிறதா இருந்தா எல்லாருக்கும் கழிங்க.

கோல்கம்பம்:
கடைசியா ஒண்ணு கேக்கறேன். 2010 மே, எஃப்.ஏ. கோப்பை இறுதியில் போர்ட்ஸ்மவுத்தோட கெவின்-பிரின்ஸ் போவாடெங் மிதிச்சு கணுக்கால் போச்சு. ஜெர்மனியே ஒப்பாரி வச்சுது. அவர் இல்லாம அந்த வருஷ உலகக் கோப்பையில் என்ன நடந்துச்சு? கெதிரா வந்தார், ஷ்வைன்ஸ்டைகர் பக்கத்தில் நின்னார், ஓசில் முன்னால. ஆஸ்திரேலியாவுக்கு நாலு, இங்கிலாந்துக்கு நாலு, அர்ஜென்டினாவுக்கு நாலு. கேப்டன் பட்டையைத் திருப்பித் தர மனசில்லைன்னு அவர் இடத்தில் கேப்டனா இருந்த லாம் வெளிப்படையாவே சொன்னார். மரம் சாஞ்சதும் தோட்டத்துக்கு வெயில் வந்த கதைதான்.

ஆஃப்சைடு அண்ணாச்சி:
வெயில் எதுவரைக்கும் அடிச்சுது? அரை இறுதியில் ஸ்பெயின் 1-0. 2008 யூரோ இறுதியில் பல்லாக்கோட ஆடினப்பவும் ஸ்பெயின் 1-0. அவர் இருந்தா ஒரு கோலில் தோல்வி, இல்லைன்னாலும் ஒரு கோலில் தோல்வி. இதில் அவரை எங்க குத்தம் சொல்ற?

மூலைக்கொடி:
அந்த இடத்தில் நான் கோல்கம்பம் பக்கம்தான், அண்ணாச்சி. ஓசிலோட ஓட்டத்துக்கு 33 வயசு பல்லாக் ஈடு கொடுத்திருக்க மாட்டார். ஆனா அனுப்பி வச்ச விதம் அசிங்கம். 2011 ஜூனில் இனி கூப்பிட மாட்டேன்னு ஜெர்மனி கோச் லோவ் அறிவிச்சார். ஆகஸ்டில் பிரேசிலோட நட்பு ஆட்டம் ஏற்கெனவே குறிச்சு வச்சிருந்தாங்க, அதையே வழியனுப்பு விழாவா வச்சுக்கோன்னாங்க. வேண்டாம்னுட்டார். நூறுக்கு ரெண்டு குறைச்சலா 98-லயே நின்னுபோச்சு. அந்த மறுப்பு எனக்குப் பிடிக்கும்.

கோல்கம்பம்:
எனக்கும் பிடிக்கும், ஒத்துக்கறேன். ஆனா 2000 மே 20-க்கு யாரும் பதில் சொல்லல. கடைசி நாள், ஒரு டிரா போதும், லெவர்குசன் சாம்பியன். உண்டர்ஹாக்கிங்னு மியூனிக் ஓரத்தில் ஒரு குட்டி டீம். தடுக்கப் போய் தன் வலையிலேயே போட்டது யாரு?

ஆஃப்சைடு அண்ணாச்சி:
அந்த ஆட்டம் 2-0 தம்பி. அவர் போட்டதை அழிச்சுட்டாலும் 1-0 தோல்விதான். மீதிப் பத்து பேர் ஒரு கோல் அடிக்கலையே, அவங்களை ஏன் கேக்கல?

கோல்கம்பம்:
முதல் கோல் விழுந்ததாலதான் முன்னால ஏறி ஆடி ரெண்டாவதை வாங்கினாங்க!

ஆஃப்சைடு அண்ணாச்சி:
முன்னால ஏறி ஆட எழுபது நிமிஷம் கிடைச்சுதில்ல? அதைச் சொல்லு.