திரும்பி வராத விடுமுறை

ஒரு தந்தை:

என் மகளுக்கு ஆறு வயதானபோது, நான்கு வார விடுமுறைக்கென்று அவளுடைய தாய் அவளைத் தம் நாட்டுக்கு அழைத்துச் சென்றார். நாங்கள் அப்போதே பிரிந்து வாழ்ந்தோம் என்றாலும், பயண ஒப்புதல் கடிதத்தில் நான் தயங்காமல் கையெழுத்திட்டேன். ஐந்தாவது வாரத்தில், இனி அங்கேயே இருக்கப்போவதாக ஒரு குறுஞ்செய்தி வந்தது. மகள் அங்கே குடியேறுவதற்கு நான் இசைந்தேன் என்பதற்கு அந்தக் கையெழுத்தையே பின்னர் சான்றாகக் காட்டினார்கள். கடிதத்தில் திரும்பும் தேதி எழுதப்பட்டிருந்ததும், இருவழிப் பயணச்சீட்டு எடுத்திருந்ததும்தான் என்னைக் காப்பாற்றின.

கோபம் தணிந்தால் வந்துவிடுவார் என்று உறவினர்கள் சொன்னதை நம்பி இரண்டு மாதங்களை வீணாக்கினேன். அதன் பிறகே ஒரு வழக்கறிஞர் 1980-ஆம் ஆண்டின் ஹேக் ஒப்பந்தத்தை எனக்கு விளக்கினார். 16 வயது நிறையாத பிள்ளையை, அது வழக்கமாக வசித்துவந்த நாட்டிலிருந்து மற்றவருடைய உரிமையை மீறிக் கொண்டுசென்றாலும், முறையாக அழைத்துச் சென்றுவிட்டுத் திருப்பியனுப்ப மறுத்தாலும் அது பொருந்தும். ஓராண்டுக்குள் நடவடிக்கை தொடங்கினால், ஒப்பந்தத்திலேயே சொல்லப்பட்ட சில விதிவிலக்குகள் தவிர, பிள்ளையைத் திருப்பியனுப்பவே வேண்டும். ஓராண்டு கடந்துவிட்டால், பிள்ளை புதிய சூழலில் ஊன்றிவிட்டது என்று வாதிட எதிர்த்தரப்புக்கு வழி பிறக்கிறது. நாம் வாழும் நாட்டில் இதற்கென உள்ள அலுவலகத்தில் விண்ணப்பம் கொடுத்துவிட்டோமே என்று அமைதியாக இருந்துவிட முடியாது. பிள்ளை இருக்கும் நாட்டில் நடவடிக்கை தொடங்கிய நாளையே ஒப்பந்தம் கணக்கில் கொள்கிறது.

நீதிமன்றத்துக்கு நான் புகைப்படத் தொகுப்புகளோடும் ஆசிரியர்களின் கடிதங்களோடும் சென்றேன். நான் நல்ல தகப்பன் என்று நிறுவினால் போதும் என்பது என் எண்ணம். நீதிபதி அவற்றைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. யாரிடம் பிள்ளை வளர வேண்டும் என்பது அங்கே கேள்வியே அன்று. அதை எந்த நாட்டு நீதிமன்றம் முடிவு செய்ய வேண்டும் என்பதே கேள்வி. ஆறு வாரத்தில் முடிவு வராவிட்டால் தாமதத்துக்குக் காரணம் கேட்கலாம் என்று ஒப்பந்தம் சொல்கிறது; எங்கள் வழக்கு ஏழு மாதம் நடந்தது. வாரம் இருமுறை காணொளி அழைப்பு உண்டு. மூன்றாம் மாதம்வரை மகள் என் மொழியில் பேசினாள். பிறகு அவளுடைய வாக்கியங்கள் சுருங்கின. ஐந்தாம் மாதத்தில் நான் கேட்டதற்குப் பதில் சொல்லுமுன் தாயின் முகத்தைத் திரும்பிப் பார்த்தாள். அவள் தயங்கியது அச்சத்தாலா, சொல் கிடைக்காமலா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. திருப்பியனுப்பும் உத்தரவு கிடைத்தபோது எல்லாரும் வாழ்த்தினார்கள். உண்மையில் அவள் யாரிடம் வளர்வது என்ற வழக்கு அதற்குப் பிறகுதான் தொடங்கியது.

ஒரு தாய்:

நான் மறுபக்கத்தில் நின்றவள். என் மகனை அழைத்துக்கொண்டு எல்லை கடந்தேன். கணவரின் அடிக்கு அஞ்சியே கடந்தேன். பிள்ளையை அழைத்துச் செல்பவர்களில் பெரும்பான்மையோர் தாய்மார்களே என்று இந்த ஒப்பந்தத்தை உருவாக்கிய ‘ஹேக் மாநாடு’ என்ற பன்னாட்டு அமைப்புக்காகச் செய்யப்பட்ட ஆய்வுகள் காட்டுகின்றன என என் வழக்கறிஞர் சொன்னபோது, எனக்கு ஆறுதலைவிட வியப்பே மிகுந்தது.

திருப்பியனுப்பினால் பிள்ளைக்கு உடலளவிலோ மனத்தளவிலோ கடுமையான தீங்கு நேரும் அபாயம் உண்டென்று நிறுவினால் நீதிமன்றம் மறுக்கலாம் என்று 13-ஆவது பிரிவு சொல்கிறது. நிறுவும் பொறுப்போ எதிர்ப்பவர் மேல் விழுகிறது. என்னிடம் ஒரே ஒரு மருத்துவச் சீட்டு இருந்தது. அடி வாங்கிய ஒவ்வொரு முறையும் காவல் நிலையத்துக்குச் சென்றிருந்தால் சான்று சேர்ந்திருக்கும் என்று சொல்பவர்கள், அந்த வீட்டில் ஒரு நாள் வாழ்ந்து பார்க்கட்டும். நீதிமன்றம் என் அச்சத்தை நம்பியது. ஆனால் தக்க பாதுகாப்பு ஏற்பாடுகள் இருந்தால் அபாயம் நீங்கும் என்று கருதித் திருப்பியனுப்பவே உத்தரவிட்டது. தனி வீடு, கணவர் எங்களை நெருங்கக் கூடாது என்ற தடை, மூன்று மாதச் செலவுத் தொகை ஆகியவற்றை அவர் ஒப்புக்கொண்டார். அவை வெறும் வாக்குறுதிகளாக நின்றுவிடாமல், நாங்கள் விமானம் ஏறுவதற்கு முன்பே அந்நாட்டு நீதிமன்றத்தின் உத்தரவாகவும் பிறப்பிக்கப்பட வேண்டும் என்று என் வழக்கறிஞர் விடாப்பிடியாக நின்றார். அவர் அப்படி நின்றிராவிட்டால் நான் எங்கே போய் முறையிட்டிருப்பேன்?

மேலே எழுதியவரிடம் ஒன்று கேட்க விரும்புகிறேன். என் கணவர் என்மேல் கடத்தல் புகார் கொடுத்திருந்தார். மகனோடு திரும்பினால் விமான நிலையத்திலேயே கைதாவேன் என்ற நிலை. நீங்களும் அவ்வாறு புகார் கொடுத்தீர்களா?

ஓர் அண்ணன்:

என் தம்பியின் பிள்ளைகள் சென்ற நாடு அந்த ஒப்பந்தத்தில் சேரவில்லை. ஆகவே மேலே இருவரும் சொன்ன எந்த விதியும் அவனுக்குப் பயன்படவில்லை. பிள்ளைகளை நீதிமன்றத்தின் முன் கொண்டுவரச் சொல்லும் ஆட்கொணர்வு மனு ஒன்றுதான் அங்கே வழி என்றார்கள். அந்த நீதிமன்றம் பிள்ளைகளின் நலனையே தனியாக எடைபோட்டது. நம் நாட்டு உத்தரவை ஓர் ஆவணமாக மட்டுமே பார்த்தது. இப்போது ஆண்டுக்கு இருமுறை அவன் அங்கே சென்று பார்த்துவருகிறான்.

முதலில் எழுதிய தந்தை:

அம்மா, நானும் கொடுத்தேன். புகார் கொடுத்தால் வேகம் பிறக்கும் என்று எண்ணினேன். நான்காம் மாதத்தில் சமரசப் பேச்சில் அமர்ந்தபோது, தாம் கைதாகிவிட்டால் மகளோடு விமானத்திலிருந்து இறங்குவது யார் என்று அவளுடைய தாய் என்னிடம் கேட்டார். அதற்கு என்னிடம் விடை இல்லை. மறுவாரம் புகாரைத் திரும்பப் பெற விண்ணப்பித்தேன். அவ்வாறு விண்ணப்பித்த உடனே வழக்கு தானாக நின்றுவிடாது என்பதை அரசுத் தரப்பு வழக்கறிஞர் சொல்லித்தான் தெரிந்துகொண்டேன். அது முடிவதற்கு மேலும் ஆறு வாரங்கள் ஆயின. அந்த ஆறு வாரங்களும் என்னால் கூடியவை.