ஜோனதன் ஸ்பென்ஸின் சீன வரலாற்று நூல்களில் உங்களை விடாத இடம் எது?

தாழைமடல்:
‘தி டெத் ஆஃப் உமன் வாங்’ நூலில் வரும் வாங் என்ற பெண்ணின் கதை இங்கே எல்லோருக்கும் தெரிந்திருக்கும். ஷான்துங் மாகாணம், தான்செங், 1672 ஜனவரி. ஒருவனோடு ஓடிப்போய், அவனும் கைவிட்டதும் திரும்பி வந்தவளைக் கணவன் ரென் பனி பெய்யும் இரவில் கழுத்தை நெரித்துக் கொல்கிறான். ஆனால் என்னை விடாதது கொலை இல்லை, அதற்குச் சற்று முன்னால் வரும் கனவு. வெளியே குளிர்காலம், அவள் கனவில் மட்டும் கதகதப்பு. ஏரியில் தாமரை பூத்திருக்கிறது, காற்றில் அதன் வாசம் வருகிறது. அவளை எழுப்பி எங்காவது ஓடச் சொல்ல வேண்டும் போல் இருந்தது. நீதிபதி எழுதிய குறிப்பில் ஒரு வழக்காக மட்டும் மிஞ்சியவள் அவள். அவளுக்குள்ளும் ஒரு மனம் இருந்தது என்பதை அந்தப் பக்கங்களில்தான் உணர்ந்தேன்.

கிழக்குவாசல்:
தாழைமடல், அது வாங் கண்ட கனவே இல்லையே! அதே காலத்தில் அதே மாகாணத்தில் வாழ்ந்த பூ சோங்லிங் என்ற எழுத்தாளரின் கதைகளிலிருந்து காட்சிகளை எடுத்து ஸ்பென்ஸ் கோத்திருக்கிறார். அவர் இதை மறைக்கவில்லை, சரி. ஆனாலும் இறந்துபோன ஒருத்தியின் தலைக்குள் இன்னொருவரின் கற்பனையை வைக்க வரலாற்று ஆசிரியருக்கு உரிமை உண்டா? எனக்கு இன்னும் சமாதானமாகவில்லை.

என்னை உலுக்கியது தீர்ப்பு. ரென் பிணத்தைத் தூக்கிக்கொண்டு போய்ப் பக்கத்து வீட்டு காவ் மேல் பழி போடப் பார்த்தவன். அவனுக்கு மரண தண்டனை இல்லை. அவள் ஓடிப்போனவள், அவன் தந்தை எழுபது வயதைக் கடந்தவர், குடும்பத்துக்கு வேறு வாரிசு கிடையாது. மூங்கிலடியோடும் கழுத்தில் மாட்டிய மரப்பலகையோடும் தப்பினான். அடக்கச் செலவைக் கொடுத்தது யார்? காவ்! முன்பு ஒரு சண்டையில் ரென்னைக் கன்னத்தில் அறைந்தாராம், அதற்காக. அவள் ஆவி ஊரைத் தொந்தரவு செய்யக் கூடாதே என்றுதான் நல்ல சவப்பெட்டியே கிடைத்தது. இதில் கற்பனை எதுவும் இல்லை.

நீலமணல்:
எனக்கு ஸ்பென்ஸின் இன்னொரு நூலில் வரும் ஹூ என்ற சீனர்தான். 1722இல் சீன நூல்களைப் படியெடுக்க ஃபூக்கே என்ற யேசு சபைப் பாதிரியார் அவரைத் தென்சீனத் துறைமுகமான காண்டனிலிருந்து பிரான்சுக்குக் கூட்டிப்போகிறார். ஹூவின் நடத்தை யாருக்கும் பிடிபடவில்லை. கொடுத்த கோட்டைப் பிச்சைக்காரருக்குக் கொடுத்துவிடுகிறார். பாரிஸில் கொடியும் சிறு முரசுமாக நின்று, ஆணும் பெண்ணும் விலகியிருக்க வேண்டும் என்று சீன மொழியிலேயே பிரசங்கம் செய்கிறார். கொண்டுபோய் ஷராந்தோன் மனநோய் விடுதியில் அடைத்துவிட்டார்கள், இரண்டு ஆண்டுகளுக்கு மேல். என்னை ஏன் அடைத்துவைத்தார்கள் என்று அவர் கேட்ட இடத்தில் புத்தகத்தை மூடிவிட்டேன். ஃபூக்கேயை என்னால் மன்னிக்க முடியவில்லை.

பாலைக்காற்று:
நீலமணல், ஃபூக்கே கடிதங்களையும் குறிப்புகளையும் பத்திரப்படுத்தாவிட்டால் ஹூ நமக்குக் கிடைத்திருக்கவே மாட்டார். முன்னுரையில் ஸ்பென்ஸும் அதைத்தான் சொல்கிறார்: ஃபூக்கே செய்தது சரியல்ல, அப்படித் தீர்ப்பிட இடம் கொடுத்ததும் அதே ஃபூக்கேதான் என்று.

என் அனுபவம் சிறியது. சிங் வம்சப் பேரரசர் காங்ஷி தானே பேசுவது போல ஸ்பென்ஸ் எழுதிய நூலில், அவருடைய 1717 பிரியாவிடை உரையையும் 1722இல் அவர் இறந்தபின் வெளிவந்த ஆணையையும் அடுத்தடுத்துப் படித்தேன். முதலாவதில் நோயும் களைப்பும் உள்ள ஒரு கிழவர் பேசுகிறார். இரண்டாவதில் அந்த மனிதரைக் காணோம், அரசாங்கம்தான் பேசுகிறது.

புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன். 1990இல் வந்த அவருடைய நவீன சீன வரலாற்று நூலை முதலில் எடுக்காதீர்கள். மிங் வம்சத்தின் கடைசிக் காலத்தில் தொடங்கி 1989 தியானன்மென் சதுக்கப் போராட்டம் வரை போகிறது, பாதியில் வைத்துவிடுவீர்கள். முதலில் காங்ஷி. அதில் பேரரசரின் குரல் காதில் விழுந்துவிடும். அடுத்து வாங், அதே பேரரசரின் ஆட்சியில் மூலையில் கிடந்த ஒரு ஊர். 1668 நிலநடுக்கம், பஞ்சம், வரி எல்லாவற்றையும் அந்தச் சிறிய புத்தகத்திலேயே பார்த்துவிடலாம். அப்புறம் பெரிய நூலுக்குப் போனால் ஒவ்வொரு வரி உயர்வும் யார் தலையில் விழுந்தது என்று தெரிந்தே படிப்பீர்கள். வாங் நூலின் குறிப்புகளையும் தாண்டாதீர்கள், கிழக்குவாசல் கேட்ட கேள்விக்கு எந்தக் காட்சி எந்தக் கதையிலிருந்து வந்தது என்று அங்கேதான் இருக்கிறது.