"நம்ம வீடு" குழு: தாடி தூங்குகிறான்

ஜூன் 29

அக்கா: தம்பி, மேலூருக்குக் கிளம்பி விமானம் ஏறப் போகிறோம். வீட்டுச் சாவி உன்னிடம் ஒன்று இருக்கட்டும். நம்ம பியர்டட் டிராகன் தாடியை (ஓணான் மாதிரிப் பல்லியினம்) உன்னிடம் விட்டுவிட்டு வந்ததிலிருந்து குட்டிம்மாவுக்கு மனசே இல்லை.

நான்: கவலைப்படாமல் போய் வாருங்கள் அக்கா. டேங்கை பின்னறையில் வைத்திருக்கிறேன். டிவி சத்தம், ஆள் நடமாட்டம் எதுவும் அங்கே கிடையாது.

குட்டிம்மா: மாமா, எல்லாவற்றையும் மறுபடி ஒரு தடவை எழுதிவிடுகிறேன். இங்கே ஆஸ்திரேலியாவில் இப்போது குளிர்காலம் இல்லையா, அவன் குளிர்காலத் தூக்கத்தில் செத்த மாதிரி கிடப்பான். பயப்படாதீர்கள். மே மாதக் கடைசியிலேயே கீரையை ஒதுக்க ஆரம்பித்தான், பூச்சி வைத்தாலும் முகத்தைத் திருப்பிக்கொண்டான். டாக்டரிடம் காட்டினோம். மலத்தைப் பரிசோதித்து, புழுவும் இல்லை, கோக்சிடியா கிருமியும் இல்லை என்று சொன்ன பிறகுதான் தூங்க விட்டோம். கடைசியாகச் சாப்பிட்டது ஜூன் 1. அதற்கப்புறம் இரண்டு வாரம் சாப்பாடு இல்லாமல் விளக்கை மட்டும் முழுச் சூட்டில் எரியவிட்டோம், வயிறு காலியாகட்டும் என்று. பிறகு விளக்கு நேரத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைத்து, இப்போது சுத்தமாக நிறுத்தியாகிவிட்டது.

குட்டிம்மா: சனிக்கிழமை தோறும் எடை பாருங்கள். இன்று 412 கிராம். தண்ணீர்க் கிண்ணம் எப்போதும் நிறைந்திருக்க வேண்டும், தினம் மாற்ற வேண்டும். ராத்திரி டேங்குக்குள் 15 டிகிரிக்குக் கீழே போகக் கூடாது. செராமிக் ஹீட்டர் தெர்மோஸ்டாட்டில் இருக்கிறது, வெளிச்சம் வராது, தானாகவே வேலை செய்யும். சாப்பாடு எதுவும் கொடுக்காதீர்கள். அவ்வளவுதான்.

நான்: சரிடா கண்ணா. ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டி வைத்துவிட்டேன்.

அக்கா: இன்னொன்று தம்பி. அவனைத் தொட்டால் கையை சோப்பு போட்டுக் கழுவு. தராசு அவனுக்கென்று தனியாக இருக்கிறது, சமையல் தராசை எடுக்காதே. ஊர்வன உடம்பில் சால்மோனெல்லா இருக்கலாம். உன் வீட்டில் மாசமாக இருக்கிற பெண் இருக்கிறாள், அவளைத் தொட விடாதே.

நான்: டேங்க் பக்கமே அவளை விடவில்லை அக்கா. தண்ணீர் மாற்றுவது, எடை பார்ப்பது எல்லாம் நான்தான்.

ஜூலை 1

அம்மா: பிள்ளைகள் நல்லபடியாக வந்து சேர்ந்தார்கள். பேத்தி பையைக் கூட வைக்கவில்லை, அந்த ஓணான் படத்தைத்தான் காட்டுகிறாள். ஓணான் தூங்குமா? நான் பார்த்ததே இல்லையே.

குட்டிம்மா: அம்மாச்சி, இது நம்ம ஊர் ஓணானுக்கு உறவுதான்! இரண்டும் அகாமிடே என்கிற ஒரே குடும்பம். மேலூரில் குளிர் இல்லை, அதனால் உங்களுக்குத் தெரியவில்லை. இவன் சொந்த ஊர் ஆஸ்திரேலியாவின் நடுப் பகுதி. நம்ம விக்டோரியாவில் மில்டுரா பக்கத்திலும் உண்டு. பகலில் வெயில் கொளுத்தும், குளிர்காலத்தில் ராத்திரி பனி இறங்கும். இரையும் குறைந்துவிடும். அதனால் மண்ணுக்குள்ளோ மரக்கட்டைக்கு அடியிலோ போய் உடம்பை அடக்கிக்கொண்டு கிடப்பான். புரூமேஷன் என்று பெயர். வீட்டில் பிறந்தவனுக்கும் அந்தப் பழக்கம் உடம்பிலேயே இருக்கிறது.

அப்பா: பாப்பா சொன்னதைக் கேட்டு எனக்குப் பழைய ஞாபகம் வந்தது. சின்ன வயதில் தென்னை ஈர்க்கில் சுருக்குப் போட்டு ஓணான் பிடிப்போம். கல்லால் அடிப்போம். ராமருக்கு அணில் இளநீர் கொடுத்தது, ஓணான் மூத்திரத்தைக் கொடுத்தது என்று ஒரு கதை சொல்லி, அதனால் அடித்தால் பாவமில்லை என்பார்கள். எத்தனை ஓணான் செத்திருக்கும் என்று கணக்கே இல்லை. என் பேத்தி ஒன்றை எடை போட்டுப் போட்டு வளர்க்கிறாள். எனக்கு இது பெரிய சந்தோஷம்.

குட்டிம்மா: தாத்தா ❤️

ஜூலை 6

நான்: எடை 411. ஒரு கிராம்தான் குறைந்திருக்கிறது.

குட்டிம்மா: சூப்பர் மாமா. ஒரு கிராம் பெரிய விஷயமில்லை. தூங்கும்போது உடம்பு மிக மெதுவாக வேலை செய்வதால் கொழுப்பு கொஞ்சமாகத்தான் கரையும். பத்தில் ஒரு பங்கு குறைந்தால்தான் ஆபத்து. 371க்குக் கீழே போனால் உடனே டாக்டர்.

நான்: ஒரு சந்தேகம். பகலில் ஜன்னல் திரையை மூடி வைக்கலாமா? நன்றாகத் தூங்குவான் இல்லையா?

குட்டிம்மா: முழு இருட்டு வேண்டாம். ஜன்னல் வெளிச்சம் மெலிதாக வரட்டும். அவன் தலை உச்சியில் ஒரு சின்னப் புள்ளி இருக்கும், பார்த்தீர்களா? அது மூன்றாவது கண். உருவம் தெரியாது, வெளிச்சமும் நிழலும் மட்டும் தெரியும். பகல் நீளுகிறதா குறைகிறதா என்பது அவனுக்கு அப்படியும் தெரிய வரும். மேலே இருந்து கையைக் கொண்டுபோனால் பருந்து என்று நினைத்து நடுங்குவான், அதற்கு அந்தக் கண்ணும் ஒரு காரணம் என்கிறார்கள். எடுக்கும்போது பக்கவாட்டில் கையை நீட்டி, வயிற்றுக்கு அடியில் கொடுத்துத் தூக்குங்கள்.

அப்பா: நெற்றிக்கண்ணா! இதை யாரும் சொல்லித் தரவில்லையே எங்களுக்கு.

ஜூலை 10

நான்: அக்கா, முழித்திருக்கிறாயா? இங்கே காலை பத்தாகிறது, அங்கே ஐந்தரைதான் இருக்கும், தெரியும். தாடியைப் பார்த்தால் மூச்சே இல்லாத மாதிரி இருக்கிறது. நிறம் வெளுத்து, தட்டையாகக் கிடக்கிறான். ஐந்து நிமிஷம் உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தேன். விலா அசையவே இல்லை. [படம்]

அக்கா: முழித்துவிட்டேன் சொல். பின்னங்கால் விரலை மெதுவாகத் தொடு. இழுக்கிறானா பார்.

நான்: தொட்டேன். முதலில் ஒன்றும் இல்லை. அப்புறம் மெல்ல இழுத்துக்கொண்டான். ஒரு கண்ணைப் பாதி திறந்து பார்த்துவிட்டு மூடிக்கொண்டான்.

அக்கா: அப்படியானால் நன்றாக இருக்கிறான். போன வருஷம் முதல் தடவை தூங்கியபோது நானும் இப்படித்தான் உட்கார்ந்து அழுதேன் தம்பி. நாம் கவனிக்க வேண்டியது வேறு. கண் குழிவிழுந்திருக்கிறதா, தோலைக் கிள்ளி விட்டால் மடிப்பு அப்படியே நிற்கிறதா, அது தண்ணீர் வற்றியதற்கு அடையாளம். மூக்கிலோ வாயிலோ சளி, நுரை. தாடை வீக்கம், கால் நடுக்கம், அது கால்சியம் குறைவு. தொண்டைக்குக் கீழே இருக்கிற தாடிப் பகுதி ஓயாமல் கறுத்தே இருப்பது. எடை வேகமாக இறங்குவது. தூக்கம் என்றால் இதில் ஒன்றும் இருக்காது. நோயில் துவண்டு கிடப்பதைத் தூக்கம் என்று நினைத்து விட்டுவிடுகிறார்கள், அங்கேதான் பல பேர் இழந்துவிடுகிறார்கள்.

நான்: கண் நன்றாக இருக்கிறது. தோலும் உடனே படிந்துவிட்டது. சளி இல்லை.

அக்கா: தண்ணீர்க் கிண்ணத்தை அவன் மூக்குக்கு எட்டுகிற தூரத்தில் வை. அவனாகத் தலையைத் தூக்கினால் மூக்கு நுனியில் இரண்டு சொட்டு விடு, நக்கிக்கொள்வான். தூங்குகிறவன் வாயில் மட்டும் ஊற்றிவிடாதே, நுரையீரலுக்குள் போய்விடும்.

குட்டிம்மா: மாமா, ஒன்று சொல்லட்டுமா. 2016-இல் ஜெர்மனியில், ஃபிராங்க்ஃபர்ட்டில் மூளை ஆராய்ச்சி செய்கிறவர்கள், இவன் இனத்தின் இரவுத் தூக்கத்தைப் பதிவு செய்தார்கள். நமக்கு இருக்கிற மாதிரியே ஆழ்ந்த தூக்கமும், மூடிய இமைக்குள் கண் அசைகிற தூக்கமும் மாறி மாறி வருகிறதாம். நமக்கு ஒரு சுற்று ஒன்றரை மணி நேரம், இவர்களுக்கு ஏறத்தாழ 80 வினாடிதான். அதைப் படித்ததிலிருந்து இவன் தூங்குவதைப் பார்க்கும்போதெல்லாம் கனவு காண்கிறானோ என்று எனக்குத் தோன்றும்.

ஜூலை 13

நான்: எடை 409.

அக்கா: 👍 கல்யாண வீட்டில் இருக்கிறோம். அப்புறம் பேசுகிறேன்.

ஜூலை 17

நான்: அக்கா, ஒரு தப்பு செய்துவிட்டேன். மறைக்க விரும்பவில்லை. நேற்று ராத்திரி இங்கே சரியான குளிர், காலையில் கார் கண்ணாடியெல்லாம் பனி. பாவம் விறைத்துப்போவானே என்று வெப்ப விளக்கைப் போட்டேன். ஒரு மணி நேரத்தில் வெளியே வந்தான், கல் மேல் ஏறி உட்கார்ந்து என்னைப் பார்த்தான். எனக்கு அவ்வளவு சந்தோஷம். டப்பாவில் இருந்த வுட்டீஸ் பூச்சி (இரைக்கான சின்னக் கரப்பான்) இரண்டைக் கொடுத்தேன். டக்கென்று பிடித்துத் தின்றுவிட்டான். அப்புறம் விளக்கை அணைத்துவிட்டேன். இப்போதுதான் ஃபிரிட்ஜில் ஒட்டியதைப் படித்தேன்.

குட்டிம்மா: மாமா!! எத்தனை மணிக்குச் சாப்பிட்டான்? விளக்கை இப்போதே போடுங்கள். இப்போதே.

நான்: போட்டுவிட்டேன். காலை ஏழரைக்குச் சாப்பிட்டான். மூன்று மணி நேரம் ஆகிறது.

அக்கா: பதறாதே தம்பி. நல்லெண்ணத்தில் செய்ததுதான். உடனே சொன்னாயே, அதுதான் முக்கியம். விஷயம் இதுதான்: நம் உடம்பு தானே சூடு உண்டாக்கிக்கொள்ளும், அவனுக்கு வெளியிலிருந்து சூடு வந்தால்தான் வயிறு வேலை செய்யும். 16 டிகிரியில் அந்தப் பூச்சி செரிக்காமல் உள்ளேயே கிடந்து அழுகிவிடும். அதனால் அவன் மலம் கழிக்கிற வரை தூங்க விடக் கூடாது. பகலில் பத்து மணி நேரம் விளக்கு. அந்தக் கல் மேல் 40 டிகிரி இருக்க வேண்டும், சிவப்பு வெப்பமானியில் பார். யுவிபி (புற ஊதாக் கதிர்) குழல் விளக்கையும் சேர்த்துப் போடு. ராத்திரி விளக்கு வேண்டாம், ஹீட்டரை மட்டும் 20க்கு ஏற்றி வை.

நான்: செய்கிறேன். டாக்டருக்கும் போன் பண்ணட்டுமா?

அக்கா: கட்டாயம் பண்ணு. நம்பர் தனியாக அனுப்புகிறேன்.

நான்: பேசினேன். நீ சொன்னதையேதான் சொன்னார். இரண்டு சின்னப் பூச்சிதான், சூடு கொடுத்தால் போய்விடும், வேறு எதுவும் கொடுக்காதே என்றார். நாலைந்து நாளில் மலம் வரவில்லை என்றாலோ வயிறு உப்பினாலோ அழைத்துவரச் சொன்னார்.

அம்மா: முனியாண்டியிடம் வேண்டிக்கொண்டேன். சின்னது அழுதுகொண்டிருக்கிறது. நீ மனசு உடைந்து போகாதே. பசி என்று நினைத்தவன் கை கொடுக்காமல் இருக்குமா?

குட்டிம்மா: மாமா, நான் கத்தியதற்கு ஸாரி. நான் சாப்பாடு கொடுக்காதீர்கள் என்று மட்டும் எழுதினேன். ஏன் என்று எழுதியிருக்க வேண்டும்.

நான்: நீ ஒன்றும் தப்பு செய்யவில்லை கண்ணா. நான் இன்று வீட்டிலிருந்துதான் வேலை. அவன் பக்கத்திலேயே இருக்கிறேன்.

ஜூலை 19

நான்: இன்னும் இல்லை. கல் மேல் 39 முதல் 41 வரை இருக்கிறது. தண்ணீர் குடித்தான்.

குட்டிம்மா: நாளைக்கு வெதுவெதுப்பான தண்ணீரில் குளிக்க வைக்கலாம் மாமா, அதில் பெரும்பாலும் மலம் கழித்துவிடுவான். தோள் அளவுதான் தண்ணீர், பத்து நிமிஷம், கண்ணை எடுக்காமல் பாருங்கள். சமையலறைத் தொட்டி வேண்டாம், அவனுடைய நீல டப்பா. பிறகு நன்றாகத் துடைத்து விளக்குக்குக் கீழே விடுங்கள்.

ஜூலை 20

நான்: வந்துவிட்டது!!! தண்ணீரில் விட்டு ஆறாவது நிமிஷம். படம் அனுப்பவா என்று கேட்கவில்லை, அனுப்பிவிட்டேன். [படம்]

அக்கா: இவ்வளவு சந்தோஷமாக இப்படி ஒரு படத்தை நான் பார்த்ததில்லை.

குட்டிம்மா: பூச்சித் தோல் தெரிகிறது! சிறுநீரின் வெள்ளைப் பகுதியும் கட்டியாக, மஞ்சள் இல்லாமல் இருக்கிறது, தண்ணீர்ச்சத்து போதும் என்று அர்த்தம். எடை?

நான்: துடைத்த பிறகு 401.

அக்கா: நல்லது. இன்னும் இரண்டு நாள் அதே சூடு, வயிற்றில் மிச்சம் எதுவும் இல்லை என்று உறுதியாகட்டும். அப்புறம் தினம் இரண்டு மணி நேரமாக விளக்கைக் குறைத்துக்கொண்டே போ. அவனுக்குத் தூங்கத் தோன்றினால் தூங்கட்டும், இல்லையென்றால் நாங்கள் வந்து பார்த்துக்கொள்கிறோம். எழுப்பி எழுப்பி விடுவதுதான் அவனுக்குக் கஷ்டம்.

ஜூலை 25

நான்: மரப்பட்டைக்கு அடியில் தானாகப் போய்விட்டான். மண்ணை இரண்டு கையாலும் தோண்டி, திரும்பி வாசல் பக்கம் முதுகைக் காட்டிப் படுத்துக்கொண்டான். பூச்சி டப்பாவைப் பக்கத்து வீட்டுப் பையனிடம் கொடுத்துவிட்டேன், அவனும் ஒன்று வளர்க்கிறான்.

அப்பா: நீ சாப்பிட்டாயா?

நான்: சாப்பிட்டேன் அப்பா.

ஆகஸ்ட் 3

குட்டிம்மா: தாத்தா, அம்மாச்சி, வந்து சேர்ந்தோம். மாமா வீட்டுக்குத்தான் முதலில் போனோம். எடை 399. தூங்குகிறான். நான் தொடவில்லை, பார்த்துவிட்டு மட்டும் வந்தேன். மாமா ஒரு நோட்டில் தினம் காலை, இரவு இரண்டு வேளையும் வெப்பநிலை எழுதி வைத்திருக்கிறார்.

ஆகஸ்ட் 19

குட்டிம்மா: எல்லாரும் பாருங்கள்! [வீடியோ]

குட்டிம்மா: ஸ்கூல் விட்டு வந்தேன், கல் மேல் உட்கார்ந்திருக்கிறான். கிண்ணத்தில் ரொம்ப நேரம் தண்ணீர் குடித்தான். எடை 396.

அம்மா: எழுந்துவிட்டானா என் ராசா. ஏதாவது தின்னக் கொடுத்தாயா?

குட்டிம்மா: இன்னும் இல்லை அம்மாச்சி. இன்று விளக்கு நாலு மணி நேரம், நாளை மறுநாள் ஆறு, அப்படி ஏற்றிக்கொண்டு போய், வெயில் முழுதாகக் காய்ந்த பிறகுதான் கீரை. அதற்கப்புறம் கால்சியம் பொடி தூவி ஒரே ஒரு பூச்சி.

குட்டிம்மா: மாமா, அந்த முதல் பூச்சியை நீங்கள் வந்து கொடுக்கிறீர்களா? ஞாயிற்றுக்கிழமை.

நான்: வருகிறேன் கண்ணா. எத்தனை மணிக்கு?

குட்டிம்மா: காலை பத்து. விளக்கு போட்டு இரண்டு மணி நேரம் ஆகியிருக்கும்.