ரஷ்யப் போர்க்கதைகளில் வீரமும் கனிவும்: நான்கு அமர்வுகளுக்கு எதை எடுக்கலாம்?

வாசிப்புமேசை:

வணக்கம். ஒரு வாசிப்பு வட்டத்தில் ரஷ்யப் போர்க்கதைகளை நான்கு அமர்வுகளில் பேசலாம் என்று திட்டம். ஒவ்வொன்றும் இரண்டு மணி நேரம். வருகிறவர்களில் பாதிப் பேர் ரஷ்ய இலக்கியம் படித்ததில்லை. ஆயிரம் பக்க நாவலைக் கொடுத்தால் யாரும் முடித்துவிட்டு வரமாட்டார்கள்.

துணிச்சலும் கனிவும் ஒரே ஆளிடம், முடிந்தால் ஒரே செயலில் தெரிகிற கதைகளாக வேண்டும். எந்தக் காட்சியை உரக்க வாசிக்கலாம், எங்கே நிறுத்திப் பேசலாம், பேச்சு எங்கே தடம் மாறும் என்று சொன்னால் பேருதவி. இரண்டு பயம் இருக்கிறது. ஒன்று, பேச்சு பதக்க விழா மேடை போல ஆகிவிடும். மற்றது, எல்லோரும் கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்துவிடுவார்கள், கதையைப் பற்றி ஒரு வார்த்தை பேசியிருக்க மாட்டோம்.

நீள்பனி:

முதல் அமர்வுக்குத் தயங்காமல் ஷோலகவின் ‘ஒரு மனிதனின் விதி’யை எடுங்கள். 1956 டிசம்பர் 31, 1957 ஜனவரி 1 ஆகிய இரண்டு நாட்களில் சோவியத் கம்யூனிஸ்ட் கட்சி நாளிதழ் ‘பிராவ்தா’வில் வந்த கதை. முழுக்க உரக்க வாசித்தால் ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம் போய்விடும். வீட்டில் படித்துவிட்டு வரச் சொல்லி, மூன்று காட்சிகளை மட்டும் வட்டத்தில் வாசியுங்கள்.

எல்லோருக்கும் நினைவிருக்கப் போவது ஜெர்மன் போர்க்கைதி முகாமின் தலைவன் மியூல்லரின் அறை. ஆளுக்கு நான்கு கன மீட்டர் கல் கேட்கிறார்கள், நமக்குக் கல்லறைக்கு ஒரு கன மீட்டரே போதுமே என்று கதை நாயகன், கைதியாகிவிட்ட லாரி ஓட்டுநர் சொகலோவ் சொன்னது மேலே போய்விடுகிறது. சுடுவதற்காகக் கூப்பிடுகிறார்கள். ஜெர்மன் வெற்றிக்குக் குடி என்றால் மறுக்கிறான். சரி, உன் சாவுக்குக் குடி என்றதும் குடிக்கிறான், ரொட்டியைத் தொடவில்லை. இரண்டாவது கோப்பைக்கும் தொடவில்லை. மூன்றாவதுக்குப் பிறகுதான் கொஞ்சம் கடித்துவிட்டு மீதியை மேசையில் வைக்கிறான். பெரும்பாலான வட்டங்கள் இங்கே நிறுத்திவிடும். நீங்கள் பயப்படும் பதக்க விழா அங்கேதான் தொடங்குகிறது.

அடுத்த பக்கத்துக்குப் போங்கள். மியூல்லர் கொடுத்தனுப்பிய ரொட்டியும் பன்றிக்கொழுப்பும் கைதிகளின் கொட்டடிக்கு வந்து சேர்கின்றன. ரொட்டியை முரட்டு நூலால் அறுக்கிறார்கள். ஆளுக்குத் தீப்பெட்டி அளவு. கொழுப்பு உதட்டில் பூசுகிற அளவு. நூலால் அறுத்தால் துகள் உதிர்வது குறைவு என்பதைக் கவனிக்கச் சொல்லுங்கள். பசியை எதிரியிடம் மறைத்த அதே ஆள், சாப்பாடு கையில் கிடைத்ததும் தனக்கென்று எடுத்துவைக்கவில்லை. மியூல்லரின் மேசை இதற்கு முன்தயாரிப்பு என்றுதான் எனக்குப் படுகிறது. உண்மையான உச்சம் கொட்டடிதான்.

இரண்டாவது காட்சி, சிறைப்பட்ட முதல் இரவு. குவிமாடம் சிதைந்த தேவாலயம், மழை ஒழுகுகிறது. இருட்டில் ஒருவர் ‘காயம்பட்டவர்கள் இருக்கிறீர்களா’ என்று கேட்டபடி ஆள் ஆளாகப் போகிறார். மருத்துவர். சொகலோவின் தோள்மூட்டு நழுவியிருக்கிறது. தடவிப் பார்த்து, இழுத்துப் பொருத்திவிட்டு அடுத்தவரிடம் நகர்கிறார். அதே இரவில், அதே கூரையின் கீழ், தன் அதிகாரியைக் காட்டிக்கொடுக்கப் போவதாகச் சொன்ன ஒரு கைதியைச் சொகலோவ் கழுத்தை நெரித்துக் கொல்கிறான். கேள்வியை எளிமையாக வையுங்கள்: மருத்துவர் சீர்செய்த கையை ஆசிரியர் ஏன் உடனே இந்த வேலைக்கு அனுப்புகிறார்? அரை மணி நேரம் பேச இது போதும், அழுகைக்கும் இடமிருக்காது.

மூன்றாவது, அனாதைப் பையன் வான்யூஷ்கா. ‘நான்தான் உன் அப்பா’ என்று சொகலோவ் சொல்லும் இடத்தில் எல்லோரும் கரைந்துவிடுவார்கள். பிறகு வருகிற சின்ன இடத்தைத் தவறவிடாதீர்கள். பையன் ஒருநாள் திடீரென்று கேட்கிறான், ‘உன் தோல் கோட்டு எங்கே?’ உண்மையான அப்பாவிடம் அது இருந்திருக்கிறது. வரோனிஷில் விட்டுவிட்டேன் என்று சொகலோவ் சமாளிக்கிறான். அன்பால் சொன்ன பொய்யைத் தினமும் காவல் காக்க வேண்டியிருக்கிறது. போர்முனையில் தேவைப்பட்டதைவிடக் குறைந்த துணிச்சலா இது?

கருக்கல்:

நீள்பனி சொன்னதோட ஒத்துப்போறேன். ரெண்டாவது அமர்வுக்கு பரீஸ் வசீலியெவோட ‘அதிகாலையின் அமைதியில்’. 1969ல வந்த குறுநாவல். 1942 மே, கரேலியக் காடு. ரெண்டு ஜெர்மன்காரங்கதான்னு நினைச்சு ஸ்டார்ஷினா (அதிகாரிக்குக் கீழ்ப்பட்ட ஒரு ராணுவப் பதவி) வஸ்கோவ் அஞ்சு பெண் சிப்பாய்களோட கிளம்புறார். வந்து நிக்கிறது பதினாறு பேர்.

ஒண்ணு முதல்லயே சொல்லிடறேன். 1972ல வந்த படத்தை அமர்வுக்கு முன்னாடி போட்டுடாதீங்க. நல்ல படம், அதுல சந்தேகமே இல்ல. ஆனா படம் பார்த்துட்டு வந்தவங்க அஞ்சு மரணத்தை வரிசையா எண்ணிக்கிட்டிருப்பாங்க. புத்தகம் தன் வேலையைச் செய்யறது சாவுகளுக்கு நடுவில இருக்கிற சின்னச் சின்ன இடங்கள்ல.

வட்டத்துல வாசிக்க நான் எடுக்கிற காட்சி பூட்ஸ். அந்த அஞ்சு பேர்ல ஒருத்தி கால்யா செத்வெர்த்தாக், சதுப்புல ஒரு பூட்ஸை இழந்துட்டு நடக்கிறா. இன்னொருத்தி சோன்யாவை ஜெர்மன்காரங்க கத்தியால குத்திக் கொன்னுடறாங்க. வஸ்கோவோட புகையிலைப் பையை எடுத்துவரத்தான் அவ திரும்பி ஓடினா. புதைக்கிறதுக்கு முன்னாடி அவ பூட்ஸைக் கழட்டி கால்யாவுக்குக் கொடுக்கச் சொல்றார் வஸ்கோவ். கால்யா கதறிப் பின்வாங்கறா, எங்கம்மா மருத்துவத்துறையில இருக்காங்க, செத்தவங்களோடதைப் போடக்கூடாதுன்னு. உனக்கு அம்மாவே கிடையாது, அனாதை இல்லத்துல வளர்ந்தவன்னு ரீத்தா வெடிக்கிறா. உடனே ஷென்யா குறுக்க வந்து கால்யாவை அணைச்சுக்கறா: நாம வெறி இல்லாம இருக்கணும், இல்லன்னா ஜெர்மன்காரங்க மாதிரியே நாமும் வெறிபிடிச்சுப் போயிடுவோம்னு அர்த்தம் வர்ற மாதிரி சொல்றா.

இந்த ஒரு பக்கத்துல எத்தனை இருக்கு பாருங்க. பூட்ஸைக் கழட்டச் சொன்னது கல்நெஞ்சம் இல்ல, ஈரக்கால்ல காட்டுல நடந்தா அந்தப் பொண்ணு தாங்க மாட்டா, அதுதான் வஸ்கோவோட கணக்கு. ரீத்தா சொன்னது உண்மை, ஆனா அந்த நேரத்துல அது கொடுமை. கால்யாவோட பொய்யை மதிச்சது ஷென்யா மட்டும்தான். வட்டத்தை மூணாப் பிரிச்சு, ஆளுக்கொரு பாத்திரத்தோட பக்கம் நின்னு பேசச் சொல்லுங்க. நல்லா சூடு பிடிக்கும்.

அப்புறம் ஷென்யா ஆத்துல குளிக்கிற காட்சி. மரம் வெட்டறவங்க இருக்காங்கன்னு நம்பவெச்சு ஜெர்மன்காரங்களைச் சுத்துவழியில அனுப்பறதுக்காக, எதிர்க்கரையில துப்பாக்கி காத்திட்டிருக்கும்போது தண்ணில இறங்கிப் பாடறா. வஸ்கோவும் சட்டையைக் கழட்டிட்டு வந்து பக்கத்துல உக்கார்றார். உதட்டுல சிரிப்பு, கண்ணு முழுக்கத் திகில். அந்தத் திகிலைப் பாதரசம் மாதிரி உயிருள்ளதா, கனமானதா எழுதறார் ஆசிரியர். பயமே இல்லாதவளா அவளைக் காட்டியிருந்தா இந்தக் காட்சி பொய்யாயிருக்கும். வாசிக்கிறவர் அந்த வரியை வேகமாத் தாண்டிடக்கூடாது, முன்னாடியே குறிச்சுக் கொடுத்துடுங்க.

உப்பங்கழி:

இரண்டு தேர்வுகளும் நல்லவை. ஆனால் இவற்றோடு நிறுத்தினால், அந்த நாட்டில் கனிவுக்கு அரசு போட்ட எல்லை கண்ணில் படாது.

சொகலோவ் 1944இல் ஒரு ஜெர்மன் மேஜரை ஓபல் காரோடு கடத்திக்கொண்டு தன் பக்கம் தப்பி வருகிறான். அவனை ஒரு கர்னல் கட்டித் தழுவி மருத்துவமனைக்கு அனுப்புகிறார். கதையில் சரி. ஆனால் 1941 ஆகஸ்ட் 16 தேதியிட்ட ஸ்டாலினின் 270ஆம் எண் ஆணை, சரணடைகிற அதிகாரிகளை ஓடுகாலிகளாகக் கருதி அவர்கள் குடும்பத்தைக் கைது செய்யச் சொன்னது. சரணடைந்த சிப்பாய்களின் குடும்பத்துக்கு அரசு உதவியை நிறுத்தச் சொன்னது. சிறையிலிருந்து மீண்டவர்கள் விசாரணை முகாம்கள் வழியாகத்தான் திரும்பினார்கள். போர்க்கைதியாக இருந்த ஒருவனை நாயகனாக்கியதே ஷோலகவ் காட்டிய துணிச்சல்தான், ஸ்டாலின் காலத்தில் ‘பிராவ்தா’வில் அது வந்திருக்காது. இந்தப் பின்னணியை ஐந்து நிமிடத்தில் சொல்லிவிட்டுக் கதைக்குள் போனால், எழுதப்பட்டதோடு விடப்பட்டதும் தெரியும்.

மூன்றாவது அமர்வுக்கு என் தேர்வு பிளாட்டனோவின் ‘திரும்புதல்’. 1946இல் ‘நோவி மீர்’ இதழில் ‘இவானோவின் குடும்பம்’ என்ற தலைப்பில் வந்தது. 1947 ஜனவரியில் ‘லித்தரதூர்னயா கஸேத்தா’ என்ற இலக்கியப் பத்திரிகை அதை அவதூறுக் கதை என்று தாக்கியது. பிளாட்டனோவுக்கு அதன் பிறகு அச்சேறுவது மிகக் கடினமாயிற்று. கதையில் குண்டு வெடிப்பதே இல்லை. கேப்டன் இவானோவ் வீடு திரும்புகிறான். பதினோரு வயது மகன் பெத்ருஷ்கா அடுப்பு, விறகு எல்லாவற்றையும் கிழவனைப் போல நிர்வகிக்கிறான். மனைவி லியூபா தனிமையில் தடுமாறியதைச் சொல்கிறாள். போரில் குடும்பத்தையே இழந்த செம்யோன் எவ்செயிவிச் என்பவர் பிள்ளைகளைப் பார்க்க வந்துபோகிறவர். சின்ன மகள் நாஸ்தியா தன் அப்பத்தை அவருக்காக எடுத்துவைக்கிறாள். இவானோவுக்கு இதெல்லாம் பொறுக்கவில்லை, வழியில் பழகிய ஒரு பெண்ணைத் தேடி ரயிலேறிவிடுகிறான்.

முடிவை மட்டும் உரக்க வாசியுங்கள். இரண்டு குழந்தைகள் ரயிலை நோக்கி ஓடி வருகின்றன, விழுகின்றன, எழுகின்றன. பெரியவனின் ஒரு காலில் கம்பளிப் பூட்ஸ், மற்றதில் ரப்பர் மேலுறை. அவை தன் பிள்ளைகள் என்று இவானோவுக்கு உடனே உறைக்கவில்லை. தன்மானமும் சுயநலமும் கட்டிய தடுப்பு விலகி, வெற்று நெஞ்சால் இன்னொரு உயிரைத் தொடுவதாகப் பிளாட்டனோவ் எழுதுகிறார். நான்கு வருடம் போரிட்டவனுக்கு பிள்ளைகளுக்காக ரயிலிலிருந்து இறங்குகிற இந்த ஒரு செயல் எவ்வளவு கடினம் என்பதில்தான் கதையே இருக்கிறது. இங்கே வழக்கமாக நடக்கும் தவறு, லியூபாவுக்குத் தீர்ப்பு வழங்குவதில் ஒரு மணி நேரம் கரைந்துவிடுவது. பெத்ருஷ்காவிலிருந்து தொடங்குங்கள், அது நடக்காது.

கிராஸ்மனின் ‘வாழ்வும் விதியும்’ முழுதாக முடியாது, ஆனால் இரண்டு துண்டுகளைப் பிரித்தெடுக்கலாம். முதல் பாகம் 18ஆம் அத்தியாயம், நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த குடியிருப்பிலிருந்து தாய் மகனுக்கு எழுதும் கடிதம். அது தனியாகவே நிற்கும். இன்னொன்று, ராணுவ மருத்துவர் சோஃபியா லெவின்டன். மரண முகாமில் மருத்துவர்கள் விலகி நிற்கலாம் என்று அழைக்கிறார்கள். அவள் வாய் திறக்கவில்லை, தாவீத் என்ற அந்நியச் சிறுவனின் கையைப் பிடித்தபடி வரிசையிலேயே நிற்கிறாள். பேசாமல் நின்ற அந்தச் சில நொடிகள்தான் அவள் காட்டிய வீரம். 1961 பிப்ரவரியில் இந்த நாவலின் பிரதிகளை சோவியத் உளவு அமைப்பான கேஜிபி எடுத்துப் போய்விட்டது. 1980இல் சுவிட்சர்லாந்தில்தான் முதலில் அச்சானது, சோவியத் வாசகர்களுக்கு 1988இல் கிடைத்தது.

வாசிப்புமேசை:

மூவருக்கும் மிக்க நன்றி. மூன்று அமர்வுகள் கிட்டத்தட்ட முடிவாகிவிட்டன. நான்காவதில் எதிரியிடம் காட்டும் கனிவு வர வேண்டும் என்று நினைக்கிறேன். இரண்டாம் உலகப் போருக்கு முந்தைய கதையாக இருந்தாலும் பரவாயில்லை.

நீள்பனி:

அப்படியானால் இரண்டை ஜோடியாக வையுங்கள்.

முதலில் கார்ஷினின் ‘நான்கு நாட்கள்’, 1877. ரஷ்ய–துருக்கிப் போர். காலில் அடிபட்ட ரஷ்யச் சிப்பாய், தான் குத்திக் கொன்ற, துருக்கிப் படையில் இருந்த எகிப்திய விவசாயியின் பிணத்துக்குப் பக்கத்தில் கிடக்கிறான். அந்தப் பிணத்தின் தண்ணீர்க் குடுவைதான் அவனை உயிரோடு வைக்கிறது. மிகச் சிறியது, அமர்விலேயே முழுதும் வாசித்துவிடலாம். வெயிலில் அழுகும் உடலை ஒளிக்காமல் எழுதியிருப்பதால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

பிறகு கந்தராத்தியெவின் ‘சாஷ்கா’, 1979. இரண்டாம் உலகப் போரின் ருஷேவ் போர்முனை. முழுதும் படிக்க நேரமில்லாதவர்கள் முதல் பகுதியை மட்டும் படித்தால் போதும். சாஷ்கா ஒரு ஜெர்மானியனைக் கைகலப்பில் பிடிக்கிறான். சரணடைந்தால் உயிர் நிச்சயம் என்று தங்கள் தரப்புத் துண்டறிக்கை சொல்வதை அவனுக்குக் காட்டுகிறான். பட்டாலியன் தலைவரோ, தான் நேசித்த பெண் அப்போதுதான் இறந்த ஆத்திரத்தில் கைதியைச் சுட்டுவிடச் சொல்கிறார். ஆணையை மீறினால் சாஷ்காவின் தலை போகும். இருந்தாலும் அவன் சுடவில்லை, நேரத்தை இழுக்கிறான். கடைசியில் தலைவரே வந்து ஆணையைத் திரும்பப் பெறுகிறார்.

இங்கே கைதியைப் பற்றி மட்டும் பேசிவிட்டு முடித்துவிடாதீர்கள். அந்தத் தலைவரையும் பார்க்க வேண்டும். பதவி கையில் இருக்கும்போது, தனக்குக் கீழுள்ளவன் முன்னால் தன் ஆணையை விழுங்குகிறார். அவர் வரும் வழியை ஆசிரியர் எவ்வளவு நீளமாகக் காக்கவைக்கிறார் என்பதையும் வாசித்துக் காட்டுங்கள், அந்தக் காத்திருப்பைச் சுருக்கினால் காட்சி தட்டையாகிவிடும்.

கருக்கல்:

ஜோடி அருமை. ஒரு சின்ன யோசனை: கார்ஷினை வாசிச்சதும் பத்து நிமிஷம் இடைவெளி விட்டுட்டு சாஷ்காவைத் தொடங்குங்க. அந்தப் பிணத்தோட படம் மனசுல இருக்கிறப்ப உடனே அடுத்ததுக்குப் போனா யாரும் வாயைத் திறக்க மாட்டாங்க. பேர்கள் குழப்பும், அதனால பாத்திரங்களோட பேர், உறவு, பதவி மட்டும் எழுதின ஒரு தாளை ஒவ்வொரு அமர்வுக்கும் முந்தின நாளே அனுப்பிடுங்க. யார் சாகறாங்கங்கிறது அதுல இருக்க வேண்டாம்.