ஃபிளை ஆஷ்: சாம்பலா, நீறா?

கோமதி:
வணக்கம். நிலக்கரி பற்றிய பாடத்தின் மொழிபெயர்ப்பை நாளை மாலைக்குள் அனுப்பியாக வேண்டும். ஃபிளை ஆஷில் மாட்டிக்கொண்டேன். அனல்மின் நிலையத்தில் நிலக்கரியை மாவாக அரைத்து உலைக்குள் ஊதி எரிக்கிறார்கள். கீழே விழுவது அடிச்சாம்பல், சரி. புகையோடு மேலே போவதுதான் ஃபிளை ஆஷ்; அதற்குத் தமிழில் என்ன சொல்வது? 'பறக்கும் சாம்பல்' என்றால் பறக்கும் தட்டுதான் நினைவுக்கு வருகிறது.

இளங்கோவன்:
பெயரெச்சம் எதற்கு? வினைத்தொகையாக்கினால் 'பறசாம்பல்'. வினைத்தொகையில் வலி மிகாது. யாரும் இடையில் 'ச்' போட்டுவிட வேண்டாம். அதைவிட நல்லது 'நீறு'. சாம்பல் என்பது சாம்புதல், அதாவது வாடுதல். நீறுதல்தான் பொடியாவது. நீறு பூத்த நெருப்பு என்று எல்லோருக்கும் தெரிந்த சொல்தானே?

பாத்திமா:
ஐயா, நீறு வேண்டவே வேண்டாம். நீற்றிய சுண்ணாம்புக்கும் அதுதான் பெயர். சிமெண்ட் நீரோடு சேரும்போது உண்டாகும் அதே சுண்ணாம்போடு இந்தச் சாம்பலின் சிலிக்கா வினைபுரிந்துதான் கான்கிரீட் மேலும் வலுவேறுகிறது. 'நீறு நீறோடு வினைபுரியும்' என்று வகுப்பில் சொல்லட்டுமா? நுண்ணோக்கியில் பார்த்தால் பெரும்பாலும் வழவழப்பான கண்ணாடி உருண்டைகள். அதனால்தான் கலவை எளிதாக ஓடுகிறது. அமெரிக்காவில் 1953-இல் முடிந்த ஹங்ரி ஹார்ஸ் அணையிலேயே இதைக் கலந்திருக்கிறார்கள்.

செல்வம்:
ரொம்பவும் கொண்டாட வேண்டாம். 2008 டிசம்பரில் டென்னசியின் கிங்ஸ்டன் அனல்மின் நிலையத்தில் சாம்பல் குட்டையின் கரை உடைந்து, சேறு எமரி ஆற்றில் பாய்ந்தது. ஆர்சனிக், ஈயம் எல்லாம் இதில் உண்டு. 'புகைக்கழிவு' என்றே வையுங்கள்.

பாத்திமா:
அணைக்குள் இருப்பதும் கழிவா? நல்லது கெட்டதைப் பாடம் சொல்லட்டும். 'புகைச்சாம்பல்' போதும், அடிச்சாம்பலுக்கு ஜோடியாகவும் அமையும்.

இளங்கோவன்:
புகைபோக்கிக்குப் போகும் முன்பே நிலைமின் வடிகட்டி பெரும்பகுதியைப் பிடித்துவிடுகிறது. அப்புறம் ஏது புகை?

செல்வம்:
அப்படியானால் உங்கள் பறசாம்பலும் பறக்கவில்லையே! புகைச்சாம்பலே இருக்கட்டும், எனக்கு அரை மனதுதான்.

கோமதி:
நேரமாகிவிட்டது. 'புகைச்சாம்பல்' போட்டு அனுப்பிவிட்டேன். முதலில் வரும் இடத்தில் மட்டும் அடைப்புக்குறிக்குள் ஃபிளை ஆஷ். எல்லோருக்கும் நன்றி.

இளங்கோவன்:
என் மறுப்பு அப்படியே நிற்கிறது. அந்த உருண்டைகளில் உள்ளே வெற்றாக இருப்பவை நீரில் மிதக்கும். அவற்றுக்கு 'மிதமணி' எப்படி?

பாத்திமா:
மிதமான மணி என்று படிப்பார்கள், ஐயா.